வல்லூறு என்னும் பெயர் பெற்ற சிறுவன்

நுழையும் முன்

தாய்மொழி என்பது பிறந்த வீட்டின் மொழியா, வளர்ந்த வீட்டின் மொழியா? உறவு என்பது குருதியால் வருவதா, ஊட்டி வளர்த்த கையால் வருவதா? இவ்வினாக்களுக்கு விடை தேடியே ஒருவர் தம் வாழ்நாள் முழுவதையும் கழித்தார். அவர் பெயர் ஜான் டானர். ஒன்பது வயதில் பிறந்த வீட்டிலிருந்து கவர்ந்து செல்லப்பட்டு, வட அமெரிக்கத் தொல்குடியினருள் ஒரு பிரிவினரான ஒஜிப்வா மக்களிடையே ஏறத்தாழ 30 ஆண்டுகள் வாழ்ந்தவர் அவர். அவருடைய வாழ்க்கையை இப்பாடத்தில் அறிவோம்.

எல்லைப்புறத்தில் ஒரு வீடு

ஜான் டானர் 1780ஆம் ஆண்டையொட்டிப் பிறந்தார். தந்தையார் வர்ஜீனியாவிலிருந்து கென்டக்கிப் பகுதிக்குக் குடிபெயர்ந்த ஒரு சமயப் போதகர். ஜான் இரண்டு வயதுக் குழந்தையாக இருந்தபோதே ஈன்ற தாய் இறந்துவிட்டார். தந்தை மறுமணம் செய்துகொண்டார். குடும்பம் இடம்விட்டு இடம் பெயர்ந்து, இறுதியில் ஒஹாயோ ஆற்றங்கரையில் குடியேறியது.

அக்காலத்தில் ஒஹாயோ ஆறு ஒரு நாட்டின் எல்லைபோல விளங்கியது. அதன் தென்கரையில் வெள்ளையர் காடுகளை வெட்டி நிலத்தைத் திருத்திச் சோளம் பயிரிட்டனர். வடகரையிலோ பல தொல்குடி மக்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்து வந்தனர். குடியேறியவர்களுக்கு வயலாகத் தோன்றிய நிலம், தொல்குடியினருக்கு முன்னோர் வேட்டையாடிய காடு. ஆகவே இரு தரப்பினரும் ஒருவரையொருவர் தாக்கிக்கொண்டனர். வீடுகள் எரிந்தன, இரு கரைகளிலும் தாய்மார் தம் மக்களை இழந்தனர்.

ஜானின் தந்தை கண்டிப்பு மிக்கவர். ஒருநாள் பள்ளியை விட்டு வெளியே சுற்றியதற்காக அவர் ஜானைக் கடுமையாக அடித்தார். அன்றுமுதல் அவ்வீடு சிறுவனுக்கு வீடாகத் தோன்றவில்லை. அமெரிக்கத் தொல்குடியினரிடம் போய் வாழ்ந்தால் நன்றாயிருக்குமே என்று அவன் அடிக்கடி எண்ணினான், வாய்விட்டும் கூறினான். சிறுவன் கோபத்தில் கூறிய சொல், எதிர்பாராத வகையில் பலித்துவிட்டது.

அக்ரூட் மரத்தடியில்

ஆற்றங்கரைக்கு வந்து சில நாட்களே ஆகியிருந்தன. அருகில் தொல்குடியினர் நடமாடுவதற்கான அறிகுறிகள் தென்பட்டதால், சிறு குழந்தைகளுடன் வீட்டிற்குள்ளேயே இருக்குமாறு ஜானுக்குக் கட்டளையிட்டுவிட்டுப் பெரியவர்கள் வயலுக்குச் சென்றனர். அடைபட்டிருக்க விரும்பாத சிறுவன் யாரும் அறியாமல் வெளியேறி, வயலோரத்தில் நின்ற ஓர் அக்ரூட் மரத்தடிக்கு ஓடினான். உதிர்ந்து கிடந்த கொட்டைகளைப் பொறுக்கித் தன் வைக்கோல் தொப்பியில் நிரப்பத் தொடங்கினான். அப்போது பின்னால் காலடி ஓசை கேட்டது. திரும்பிப் பார்ப்பதற்குள் இருவர் அவன் கைகளைப் பற்றி இழுத்துச் சென்றனர்.

அவர்களுள் முதியவர் மனிதோகீசிக். இளையவர் அவருடைய மகன் கிஷ்காகோ. ஹூரான் ஏரியை அடுத்த சாகினா என்னும் ஊரிலிருந்து நெடுந்தொலைவு கடந்து அவர்கள் வந்திருந்தனர். கொள்ளைப் பொருளைக் காட்டிலும் ஒரு சிறுவனைத் தேடியே அவர்கள் வந்தனர். மனிதோகீசிக்கின் மனைவி தம் இளைய மகனை அண்மையில் இழந்திருந்தார். அவ்விடத்தை நிரப்ப ஒரு மகனைக் கொண்டுவந்து தராவிட்டால் தாம் உயிர்வாழ இயலாது என்று அவர் கணவரிடம் கூறியிருந்தார்.

இவ்வழக்கத்தைச் சற்று விளக்கமாக அறிதல் வேண்டும். போரினாலும் நோயினாலும் ஒரு குடும்பத்தில் ஒருவர் இறந்தால், சிறைபிடித்து வந்தவரை இறந்தவரின் இடத்தில் அமர்த்தி உறவினராக ஏற்றுக்கொள்வது அப்பகுதித் தொல்குடியினர் பலரிடையே நிலவிய மரபு. ஆங்கிலேய வணிகரான அலெக்சாண்டர் ஹென்றி என்பவர் 1763ஆம் ஆண்டில் மிச்சிலிமெக்கினா கோட்டை வீழ்ந்தபோது ஒஜிப்வா மக்களிடம் சிறைப்பட்டார். முன்னரே அவரை உடன்பிறப்பாக ஏற்றிருந்த வவாதம் என்பவர் அவரை மீட்டுத் தம் குடும்பத்துடன் வைத்துக் காத்தார். சிறைப்பட்டவர் அனைவருக்கும் இத்தகைய நற்பேறு வாய்த்ததில்லை. சிலர் கொல்லப்பட்டனர், சிலர் அடிமைபோல நடத்தப்பட்டனர், சிலர் மகனாகவும் மகளாகவும் வளர்க்கப்பட்டனர். ஜான் டானரோ இரண்டாம் நிலையையும் மூன்றாம் நிலையையும் ஒருங்கே கண்டவர்.

கல்லறையருகே கிடைத்த உறவு

வழிப்பயணம் துன்பம் மிக்கதாயிருந்தது. கால்கள் வீங்கின, பசி வாட்டியது. சினமுற்ற முதியவர் ஒருமுறை சிறுவனைக் கொல்லக் கோடரியை ஓங்கினார். கிஷ்காகோ அக்கையைத் தடுத்து அவனைக் காத்தார்.

சாகினாவை அடைந்தபின் சிறுவனை இறந்த மகனின் கல்லறைக்கு அழைத்துச் சென்றனர். உறவினர் அனைவரும் அங்குக் கூடிப் பரிசுப் பொருள்களை வைத்தனர். இறந்தவனின் இடத்தில் ஜான் மகனாக ஏற்கப்பட்டான். ஆனால் சடங்கினால் மட்டும் அன்பு பிறந்துவிடவில்லை. விறகு வெட்டுதல், நீர் சுமத்தல், இறைச்சி சுமத்தல் ஆகிய பணிகள் அனைத்தும் அவன் தலையில் விழுந்தன. குளிரும் பசியும் அடியும் அன்றாட நிகழ்ச்சிகள் ஆயின. ஒருநாள் வேலையின் நடுவே களைத்து உறங்கிவிட்ட சிறுவனை முதியவர் கோடரியால் தலையில் தாக்கி, இறந்துவிட்டான் என்று புதரில் எறிந்துவிட்டுப் போனார். வளர்ப்புத் தாய் அவனைக் கண்டெடுத்துக் குளிர்ந்த நீரால் குருதியைக் கழுவி உயிர்பிழைக்கச் செய்தார்.

இக்காலத்தில் நிகழ்ந்த மற்றொரு நிகழ்ச்சி அவருடைய வாழ்வின் போக்கையே மாற்றியது. மீண்டும் ஒஹாயோ பக்கம் சென்று திரும்பிய முதியவர், ஒரு பழைய வெள்ளைத் தொப்பியைச் சிறுவனிடம் காட்டினார். அது தன் அண்ணனுடைய தொப்பி என்பதை ஓர் அடையாளத்தால் ஜான் அறிந்துகொண்டான். குடும்பத்தார் அனைவரையும் கொன்றுவிட்டதாக முதியவர் கூறினார். உண்மை வேறு. பிடிபட்ட அண்ணன் தப்பியோடிவிட்டார். தொப்பி மட்டுமே அவர்கள் கையில் எஞ்சியது. ஆனால் இவ்வுண்மையை ஜான் அறிவதற்குப் பல ஆண்டுகள் ஆயின. திரும்பிச் செல்ல வீடு இல்லை என்று நம்பிய சிறுவனின் உள்ளத்தில், தப்பிச் செல்லும் எண்ணமும் நாளடைவில் மங்கியது.

நெட்நோக்வா என்னும் தாய்

இரண்டு ஆண்டுகள் கழிந்தன. ஒட்டாவா மக்களின் தலைவியருள் ஒருவரான நெட்நோக்வா சிறுவனைப் பற்றிக் கேள்வியுற்றார். அவரும் தம் மகனைப் பறிகொடுத்தவர். ஒட்டாவா மக்கள் ஒஜிப்வா மக்களுக்கு மொழியாலும் உறவாலும் மிக நெருங்கியவர்கள். மெக்கினா கோட்டையை அவருடைய படகு நெருங்கும்போது வரவேற்பாகப் பீரங்கி முழங்கும் அளவுக்கு அவர் மதிப்புப் பெற்றிருந்தார்.

நெட்நோக்வா மது, போர்வை, புகையிலை முதலியவற்றைக் கொடுத்துச் சிறுவனைத் தமக்குத் தருமாறு கேட்டார். முதல் வளர்ப்புத் தாய் மறுத்தார். ஒருமுறை இறந்து மீண்டும் உயிர்பெற்று வந்த மகனை இரண்டாம் முறை இழக்கத் தம்மால் இயலாது என்று அவர் வாதிட்டார். இறந்த மகனும் ஜானும் அவருக்கு ஒருவரே. எனினும் பேரம் முடிந்தது, சிறுவன் கைமாறினான்.

விலைகொடுத்து வாங்கப்பட்டவன் அவன். ஆனால் புதிய வீட்டில் விலைப்பொருளாக நடத்தப்படவில்லை. நெட்நோக்வா முதலில் அவனுக்கு வயிறார உணவளித்தார். நல்ல உடை கொடுத்தார். தம் பிள்ளைகளோடு விளையாடுமாறு அனுப்பினார். அவருடைய கணவர் தாகவினின்னி செவ்வாற்றுப் பகுதியைச் சேர்ந்த ஒஜிப்வா வேட்டைக்காரர், மென்மையான இயல்பினர். அவர் தம் கைத்துப்பாக்கியைச் சிறுவனிடம் கொடுத்து, ஏதேனும் ஒன்றை வேட்டையாடி வந்தால் வேட்டைத் தொழிலைக் கற்றுத் தருவதாகக் கூறினார். சிறுவன் ஒரு புறாவை வீழ்த்தி வந்தான். அன்றுமுதல் அவன் வேட்டைக்காரரின் மகன் ஆனான்.

ஒஜிப்வா மக்கள் அவருக்குச் சூட்டிய பெயரின் பொருள் வல்லூறு என்பதாகும். ஆங்கிலச் சொற்கள் ஒவ்வொன்றாக நாவிலிருந்து உதிர்ந்தன. அவ்விடத்தில் ஒஜிப்வா சொற்கள் தளிர்த்தன. பிறந்த குடும்பத்தின் பெயரைக்கூட அவர் பிற்காலத்தில் முயன்றே நினைவுகூர வேண்டியதாயிற்று.

மேற்கு நோக்கி

ஏறத்தாழ 1792ஆம் ஆண்டளவில் நெட்நோக்வாவின் குடும்பம் கணவரின் ஊராகிய செவ்வாற்றுப் பகுதியை நோக்கிப் புறப்பட்டது. பிர்ச் மரப்பட்டையால் செய்த படகுகளில் பேரேரிகளைக் கடந்து செல்லும் நெடும்பயணம் அது. புறப்பட்ட சிறிது காலத்திலேயே பேரிடர் நேர்ந்தது. மெக்கினாவில் குடிமயக்கத்தில் இருந்த ஒருவன் எறிந்த கல்லால் தாகவினின்னி காயமுற்று இறந்தார். பயணத்தின் நடுவே மூத்த மகன் கீவாடினும் கீழே விழுந்து காயமுற்று உயிர்நீத்தார். கணவரையும் மகனையும் அடுத்தடுத்து இழந்த நெட்நோக்வா, எஞ்சிய பிள்ளைகளோடு பனிக்காலத்தை எதிர்கொண்டார்.

அக்குளிர்காலத்தில் முஸ்கிகோ இனத்தைச் சேர்ந்த ஒரு வேட்டைக்காரர் அவர்களைத் தம்மோடு தங்கச் செய்து உணவளித்தார். அதன்பின் இரு குடும்பத்தினரும் எங்குச் சந்தித்தாலும் ஒருவரையொருவர் உடன்பிறப்பு என்றே அழைத்தனர். பகிர்ந்துண்ட ஒரு குளிர்காலம் அவ்விரு குடும்பங்களையும் காலமெல்லாம் உறவினராக்கியது.

இதற்கிடையில் ஒஹாயோ பகுதியில் போர் முடிவுக்கு வந்தது. 1795ஆம் ஆண்டின் கிரீன்வில் உடன்படிக்கை, சிறைப்பட்டோர் அனைவரையும் திருப்பி ஒப்படைக்க வேண்டும் என்று விதித்தது. ஆனால் ஜான் டானர் அப்போது சுப்பீரியர் ஏரிக்கு அப்பால், செவ்வாற்றுச் சமவெளியில் ஒஜிப்வா இளைஞராக வளர்ந்துகொண்டிருந்தார். உடன்படிக்கையின் சொற்கள் அவரை எட்டவில்லை.

அன்னையின் கனவும் முதற்கரடியும்

ஒரு குளிர்காலத்தில் உணவு அறவே தீர்ந்துபோயிற்று. வேட்டைக்குச் சென்றவர்கள் வெறுங்கையோடு திரும்பினர். நெட்நோக்வா இரவு முழுதும் பாடியும் வேண்டியும் விழித்திருந்தார். விடியற்காலையில் தம் கனவில் ஒரு வட்டமான புல்வெளியையும் அங்கே ஒரு கரடியையும் கண்டதாகக் கூறி, ஜானை அத்திசைக்கு அனுப்பினார்.

ஜான் தனியாகப் புறப்பட்டார். அன்னை கூறியதைப் போன்ற ஓரிடத்தை அடைந்தபோது, பனியில் கால் புதைந்து ஒரு குழிக்குள் சரிந்தார். சரியும்போதே உள்ளே கரடியின் தலை தெரிந்தது. உடனே துப்பாக்கியை நீட்டிச் சுட்டார். கரடி வீழ்ந்தது. வீட்டிற்கு ஓடிவந்து செய்தியைக் கூறியதும், நெட்நோக்வா அவரைத் தழுவி முத்தமிட்டார். மகன் வீழ்த்திய முதற்கரடி என்பதால், மரபின்படி அதனை முழுவதும் சமைத்து அனைவரையும் அழைத்து விருந்தளித்தனர். பசித்த காலத்திலும் முதல் வேட்டை தனக்கென்று வைத்துக்கொள்ளப்படவில்லை; அது ஊருக்கு உரியதாயிற்று.

காடு கற்பித்த பாடம்

ஒஜிப்வா மக்கள் தம்மை அனிஷினாபே என்று அழைத்துக்கொள்வர். அவர்களுடைய ஆண்டு, பருவங்களோடு இயைந்து நடந்தது. இளவேனிலில் மேப்பிள் மரத்தைக் கீறிச் சாறெடுத்துக் காய்ச்சிச் சர்க்கரை செய்தனர். கோடையில் மீன் பிடித்தனர். கூதிர்காலத்தில் ஏரிகளில் தானாக விளையும் மனோமின் என்னும் காட்டு நெல்லைப் படகிலிருந்தே தட்டிச் சேர்த்தனர். குளிர்காலத்தில் சிறு சிறு குழுக்களாகப் பிரிந்து வேட்டையாடினர். கூட்டமாக ஓரிடத்தில் தங்கினால் அங்குள்ள விலங்குகள் விரைவில் குறைந்துவிடும், பசி வரும். பிரிந்து வாழ்வது பிழைப்பதற்கான வழி என்பதை அவர்கள் அறிந்திருந்தனர்.

மூஸ் என்னும் பெரிய மானை வேட்டையாடுவது எல்லாவற்றினும் கடினம். ஒரு சுள்ளி முறியும் ஓசையும் அதன் செவிக்கு எட்டிவிடும். காற்று பலமாக வீசும் நாளில் கிளைகளின் இரைச்சலுக்கு நடுவே அணுகினால்தான் அது கிட்டும். இத்தகைய நுட்பங்களைக் கற்றுத் தேர்ந்த டானர், சிறந்த வேட்டைக்காரர் எனப் பெயர் பெற்றார்.

ஆனால் அக்காட்டு வாழ்க்கை, உலகின் பிற பகுதிகளோடு தொடர்பற்றதாக இருக்கவில்லை. பீவர் என்னும் நீர்வாழ் விலங்கின் மென்மயிரால் செய்த தொப்பிகளை ஐரோப்பியர் விரும்பி அணிந்தனர். அதன் தோலைப் பெறுவதற்காக ஹட்சன் விரிகுடாக் குழுமமும் வடமேற்குக் குழுமமும் போட்டியிட்டுச் செவ்வாற்றுப் பகுதியில் வணிக நிலையங்களை அமைத்தன. தோலுக்கு ஈடாகத் துப்பாக்கி, வெடிமருந்து, போர்வை, பாத்திரம் ஆகியவற்றோடு மதுவும் தாராளமாக வழங்கப்பட்டது. குளிர்காலம் முழுதும் உழைத்துச் சேர்த்த தோல்கள் சில நாள் குடியில் கரைந்துபோன நிகழ்ச்சிகள் பல. மதிப்பிற்குரிய நெட்நோக்வாவும் இப்பழக்கத்திற்கு அடிமைப்பட்டிருந்தார். தாய்மீது பேரன்பு கொண்டிருந்த டானர் இக்குறையையும் பிற்காலத்தில் மறைக்காமல் கூறினார். அவர் சித்திரித்த ஒஜிப்வா மக்கள் தேவர்களும் அல்லர், கொடியவர்களும் அல்லர். பசியும் பரிவும் சினமும் சிரிப்பும் உடைய மனிதர்கள்.

டானர் வளர்ந்து மணம் புரிந்தார். முதல் மனைவியின் பெயருக்கு விடியற்காலைச் செவ்வானம் என்பது பொருள். பிள்ளைகளும் பிறந்தனர். எனினும் ஆண்டுகள் செல்லச் செல்லப் புதிய இன்னல்கள் எழுந்தன. ஐஸ்கபாவிஸ் என்பவர் தம்மைத் தெய்வ அருள் பெற்றவர் என்று கூறிக்கொண்டு, டானர்மீது பிறர் வெறுப்புக் கொள்ளுமாறு செய்தார். பிள்ளைகள் நோயுற்று இறந்தபோது பழி டானர்மேல் விழுந்தது. அத்தனை ஆண்டுகள் உடன் வாழ்ந்தவரை, துன்பம் வந்தபோது அயலார் என்று சுட்டினர்.

மீண்டும் பிறந்த மண்ணில்

செல்கர்க் பிரபு என்னும் ஸ்காட்லாந்துக்காரர் செவ்வாற்றங்கரையில் ஒரு குடியிருப்பை ஏற்படுத்தியிருந்தார். வணிகக் குழுமங்களின் போட்டியால் அங்கே மோதல்கள் நிகழ்ந்தன. 1816-17ஆம் ஆண்டுக் குளிர்காலத்தில் பனிக்காட்டின் வழியே செல்கர்க்கின் வீரர்களுக்கு டானர் வழிகாட்டியாகச் சென்றார். நன்றி பாராட்டிய செல்கர்க், அவருக்கு ஆண்டுக்கு 20 பவுண்டு உதவித்தொகை அளிக்க இசைந்தார். அவருடைய உற்றார் உறவினரைக் கண்டறியவும் முயன்று, செய்தித்தாள்களில் விவரம் வெளிவரச் செய்தார்.

1818ஆம் ஆண்டில் டானர் தம் குடும்பத்தாரைத் தேடிப் புறப்பட்டார். டெட்ராய்ட் நகரில் ஆளுநர் லூயிஸ் காஸ் அவருக்கு உதவினார். தம்மைக் கவர்ந்து சென்ற கிஷ்காகோவையும் அங்கே மீண்டும் சந்தித்தார். இதற்கிடையில் எட்வர்ட் என்னும் உடன்பிறந்தவர் டானரைத் தேடிச் செவ்வாற்றுக்கே சென்றிருந்தார். ஒருவரை ஒருவர் தேடிய உடன்பிறப்புகள் வழியில் ஒருவரையொருவர் காணாமலே கடந்து சென்றனர்.

தென்திசைப் பயணத்தில் டானருக்குக் காய்ச்சல் கண்டது. ஆங்கிலம் மறந்துபோனதால் வழியிலிருந்த குடியேறிகளிடம் உணவோ தங்குமிடமோ கேட்டுப் பெற இயலவில்லை. நீண்ட முடியும் தோலாடையும் கண்டு அவர்கள் அஞ்சினர். முகம் அவர்களுடையதாகவே இருந்தது. ஆனால் மொழி வேறாயிருந்ததால் கதவுகள் திறக்கவில்லை. ஒருவழியாகக் கென்டக்கியை அடைந்து உடன்பிறந்தாரைக் கண்டார். அவர்கள் அன்போடு வரவேற்றனர். நீண்ட முடியை வெட்டினர். புதிய உடை அணிவித்தனர். தந்தையார் அதற்கு முன்பே காலமாகியிருந்தார். சுவர்களுக்குள் உறங்க டானரால் இயலவில்லை. வீட்டிற்கு வெளியே திறந்த வானத்தின் கீழ்ப் படுத்தபோதுதான் உறக்கம் வந்தது. உறவினர் தந்த அன்பை உணர்ந்தார். ஆனால் அவ்வன்பிற்கு விடையளிக்கும் சொற்கள் அவரிடம் இல்லை.

பிள்ளைகளுக்காக ஒரு பயணம்

டானரின் பிள்ளைகள் வடக்கே இருந்தனர். அவர்களை அழைத்து வருவதற்காக அவர் மீண்டும் மீண்டும் பயணம் மேற்கொண்டார். 1823ஆம் ஆண்டில் மகளிர் இருவரையும் அவர்களுடைய தாயையும் அழைத்துக்கொண்டு படகில் திரும்பும் வழியில், ஓர் ஒஜிப்வா இளைஞன் மறைந்திருந்து அவரைச் சுட்டான். கை எலும்பு நொறுங்கியது. பிள்ளைகள் தம் மக்களைவிட்டு அயல்நாட்டிற்குச் செல்வதைத் தாய் விரும்பவில்லை. இத்தாக்குதலுக்கு அவரும் உடந்தை என்று டானர் நம்பினார்.

இவ்விடத்தில் சற்றே நின்று சிந்தித்தல் வேண்டும். முன்பு ஒரு தந்தையின் வீட்டிலிருந்து ஒரு சிறுவன் கொண்டுசெல்லப்பட்டான். இப்போது அச்சிறுவனே தந்தையாகி, தன் பிள்ளைகளை அவர்கள் பிறந்த உலகத்திலிருந்து கொண்டுசெல்ல முயன்றார். அவருக்கு அது தாயகம் திரும்புதல். அப்பிள்ளைகளின் தாய்க்கோ அது பறிகொடுத்தல். இரு தரப்பிலும் வலி உண்மையானது.

அவ்வழியே வந்த வணிகர்கள் டானரைக் காப்பாற்றி ரெய்னி ஏரி நிலையத்திற்குக் கொண்டுசென்றனர். அங்கு ஜான் மெக்லாக்லின் என்னும் மருத்துவர் சிகிச்சை அளித்தார். உயிர் பிழைத்தது, கை முழு வலிமையைத் திரும்பப் பெறவில்லை.

இரு மொழிகளின் பாலம்

வேட்டையாட இயலாத டானருக்கு மொழியே பிழைப்பாயிற்று. மீண்டும் ஆங்கிலம் கற்றுக்கொண்டு, முதலில் மெக்கினாவிலும், 1828ஆம் ஆண்டுமுதல் சூ செயின்ட் மேரி என்னும் ஊரிலும் அமெரிக்க அரசின் மொழிபெயர்ப்பாளராகப் பணியாற்றினார்.

மெக்கினாவில் படை மருத்துவராக இருந்த எட்வின் ஜேம்ஸ், டானரின் வாழ்க்கை வரலாற்றை அவர் வாய்மொழியாகக் கூறக் கேட்டு எழுதினார். 1830ஆம் ஆண்டில் நியூயார்க்கில் அந்நூல் வெளிவந்தது. ஒஜிப்வா மக்களின் பாடல்கள், அவற்றைக் குறிக்கும் சித்திர எழுத்துகள், விலங்குகள் மற்றும் செடிகொடிகளின் பெயர்கள் ஆகியவையும் அதில் இடம்பெற்றன. பிரெஞ்சு, ஜெர்மன் மொழிகளில் அது பெயர்க்கப்பட்டது. உருசியக் கவிஞர் புஷ்கின் 1836ஆம் ஆண்டில் அந்நூலைப் பற்றி ஒரு நெடுங்கட்டுரை எழுதினார். ஜேம்ஸ் ஒஜிப்வா மொழியில் பெயர்த்த புதிய ஏற்பாட்டுக்கும் டானர் துணைநின்றார்.

எழுத்தில் புகழ் பெற்றவருக்கு வாழ்வில் அமைதி கிட்டவில்லை. சினம் மிகுந்த இயல்பினராக இருந்த அவர், அரசுப் பேராளரான ஹென்றி ஸ்கூல்கிராஃப்ட் என்பவரோடு பகைத்துக்கொண்டார். 1830ஆம் ஆண்டில் மிச்சிகன் ஆட்சிப்பகுதியின் சட்டமன்றம், டானரின் மகள் மார்த்தாவை அவரிடமிருந்து அகற்ற அலுவலருக்கு அதிகாரம் அளித்து ஒரு சட்டம் இயற்றியது. ஒரு தனிமனிதரின் குடும்பத்தைக் கருதியே இயற்றப்பட்ட அரிய சட்டம் அது. பிள்ளைகளுக்காகவே உயிரைப் பணயம் வைத்தவர், தம் வீட்டில் தனியரானார். ஊரார் அவரை ஐயத்தோடு நோக்கினர். காட்டில் அவர் வெள்ளையர். ஊரில் அவர் காட்டவர்.

மறைவும் நிலைபேறும்

1846ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் ஹென்றியின் தம்பி ஜேம்ஸ் ஸ்கூல்கிராஃப்ட் சுட்டுக் கொல்லப்பட்டார். அதே நாட்களில் டானரின் குடிசை எரிந்தது, டானரும் காணாமற்போனார். பழி அவர்மேல் விழுந்தது. ஒரு படை அலுவலர்மீதும் பின்னர் ஐயம் எழுந்தது. எதுவும் மெய்ப்பிக்கப்படவில்லை. அதன்பின் டானரை உயிரோடு யாரும் கண்டதாக உறுதியான செய்தி இல்லை.

ஆயினும் அவர் கூறிய வரலாறு அழியவில்லை. பிற்காலத்தில் அமெரிக்காவிலும் கனடாவிலும் தொல்குடிப் பிள்ளைகள் உறைவிடப் பள்ளிகளில் சேர்க்கப்பட்டு, தாய்மொழியில் பேசியதற்காகத் தண்டிக்கப்பட்ட காலம் வந்தது. இன்று அம்மக்கள் தம் மொழியைப் பள்ளிகளில் மீண்டும் கற்பித்து வருகின்றனர். ஒஜிப்வா மரபைச் சேர்ந்த எழுத்தாளர் லூயிஸ் எர்ட்ரிக், டானரின் நூலின் மறுபதிப்பிற்கு முன்னுரை எழுதினார். ஒருகாலத்தில் அயலார் என்று சுட்டப்பட்டவரின் சொற்களை, அம்மக்களின் வழிவந்தவரே மதித்துப் போற்றியது சிறப்பாகும்.

டானர் இரு மொழிகளைக் கற்றார். அவற்றுள் ஒன்றை இழந்து மீண்டும் கற்றார். ஒருவர் ஒன்றைவிட ஒன்றைத் தேர்ந்தாக வேண்டும் என்று அவரைச் சூழ்ந்த உலகம் வற்புறுத்தியது. இரண்டுக்கும் உரியவராக வாழ அவர் விரும்பினார். அவ்விருப்பத்திற்கு இடம் தரும் ஊர் அக்காலத்தில் அமையவில்லை. இரு மொழிக்கும் உரிய ஒருவரை இரு தரப்பாரும் தம்மவர் என்று ஏற்பதே நாகரிகத்தின் அளவுகோல் என்பதை அவருடைய வாழ்க்கை உணர்த்துகிறது.

சொற்பொருள்

வல்லூறு – விரைந்து பறந்து இரைதேடும் ஒரு பறவை
குடிபெயர்தல் – ஓரிடம் விட்டு வேறிடம் சென்று வாழ்தல்
குருதி – இரத்தம்
கூதிர்காலம் – குளிர்காலத்திற்கு முற்பட்ட பருவம்
குழுமம் – வணிக நிறுவனம்
உடந்தை – ஒரு செயலுக்குத் துணைநிற்றல்
மெய்ப்பித்தல் – உண்மை என நிலைநாட்டுதல்
நிலைபேறு – அழியாமல் நிலைத்திருத்தல்

பயிற்சி

அ. ஓரிரு தொடர்களில் விடை எழுதுக.
1. மனிதோகீசிக்கின் மனைவி கணவரிடம் வேண்டியது யாது?
2. வெள்ளைத் தொப்பி டானரின் மனத்தில் ஏற்படுத்திய மாற்றம் யாது?
3. ஒஜிப்வா மக்கள் குளிர்காலத்தில் சிறு குழுக்களாகப் பிரிந்தது ஏன்?
4. மூஸ் வேட்டைக்குக் காற்று வீசும் நாள் ஏற்றதாக இருந்தது ஏன்?

ஆ. பத்து வரிகளில் விடை எழுதுக.
1. நெட்நோக்வாவின் பண்புகளை நிகழ்ச்சிகள் வழி விளக்குக. அவருடைய குறையையும் குறிப்பிடுக.
2. 1823ஆம் ஆண்டு நிகழ்ச்சியைப் பிள்ளைகளின் தாயுடைய நோக்கில் எழுதுக.

இ. பிரித்து எழுதுக.
முதற்கரடி, ஆற்றங்கரை, வெறுங்கை, செவ்வானம்

ஈ. சிந்தித்துப் பேசுக.
உங்கள் வீட்டில் பேசும் மொழி எது? பள்ளியிலும் தெருவிலும் பேசும் மொழிகள் எவை? வீட்டில் மட்டுமே வழங்கும் பத்துச் சொற்களைப் பெரியோரிடம் கேட்டுத் தொகுத்து, ஒவ்வொன்றையும் வகுப்பில் விளக்குக.